கப்பல்காரன் குதிக்கவில்லை

காசிமேட்டில் நீலா மீன் எடுக்க வருகிறாள் என்றால் ஏலம் போடுகிறவனே கொஞ்சம் சுதாரித்துக்கொள்வான். செவுளைத் தூக்கிப் பார்ப்பாள், வயிற்றை அமுக்கிப் பார்ப்பாள், மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்ப்பாள், அத்தனைக்கும் அப்புறம் "இது நேத்து மீனு, எங்கிட்டயேவா?" என்பாள். அப்படிப்பட்டவள் வீட்டு வாசலில், கால் நூற்றாண்டுக்கு மேல் காணாமல் போயிருந்த அண்ணன் நான்தான் என்று ஒருத்தன் வந்து நின்றால் சும்மா விடுவாளா? விடவில்லை.

அவன் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலை. திருவொத்தியூர் குப்பத்தில் அவர்கள் வீடு கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும். நீலாவின் அம்மா முத்தம்மா வாசலில் உட்கார்ந்து நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தாள். தோளில் பையோடு தடித்த ஆள் ஒருத்தன் வந்து நின்று, "அம்மா, ஏழுமலை வந்துகீறேன்" என்றான். முத்தம்மா நிமிர்ந்து பார்த்தாள். யார் எவர் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. மீன் கையோடு எழுந்து அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டு "நைனா, நைனா" என்று ஓவென்று அழ ஆரம்பித்துவிட்டாள். சத்தம் கேட்டு நீலா உள்ளேயிருந்து ஓடிவந்தாள். சந்தோஷம் வந்திருக்க வேண்டும், சத்தியமாக வரவில்லை. வந்தது சந்தேகம்தான்.

ஏழுமலை வீட்டை விட்டு ஓடியபோது அவனுக்குப் பதினைந்து வயது, நீலாவுக்கு ஒன்பது. தேரடிப் பக்கம் ஓர் அண்ணாச்சியின் மளிகைக் கடைக்குப் பின்னால் வீடியோ கேம் அறை இருந்தது. பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் அங்கேயே கிடந்தவனை அப்பா சட்டையைப் பிடித்து வெளியே இழுத்து, தெருவே பார்க்க பெல்ட்டால் வெளுத்து வாங்கினார். மறுநாள் பையன் இல்லை. அப்புறம் அப்பா தேடாத துறைமுகம் இல்லை. தேடித் தேடியே ஓய்ந்து, ஒருநாள் செத்தும் போனார்.

நீலாவின் நினைவில் இருந்த அண்ணன் ஒல்லிப்பிச்சான். வந்தவனுக்கோ தொப்பை, முன்மண்டையில் வழுக்கை, மீசையில் பாதி நரை. கர்நாடகத்தில் மல்பே துறைமுகத்தில் விசைப்படகு ஓட்டுகிறானாம், அங்கேயே கல்யாணமாம், ரெண்டு பெண் பிள்ளைகளாம். போனில் படம் காட்டினான். வீடியோ காலில் அந்தப் பெண்டாட்டி வந்து சிரித்துச் சிரித்து என்னவோ துளுவில் பேசினாள். நீலாவுக்கு ஒரு எழவும் புரியவில்லை. புரியாததே ஒரு சந்தேகம் ஆகிவிட்டது.

கேட்டதற்கெல்லாம் பதில் வைத்திருந்தான். அப்பாவின் கட்டுமரத்துக்குப் பெயர் என்ன, நீலாவின் முழங்காலில் தழும்பு எப்படி வந்தது, வெள்ளம் வந்த வருஷம் யார் வீட்டு மாடியில் தங்கினார்கள், எல்லாம் கரெக்டாகச் சொன்னான். இன்னொருத்தியாக இருந்தால் அதோடு விட்டிருப்பாள்.

"எல்லாத்தையும் சொல்றான்னுதான் டவுட்டா கீது" என்றாள் நீலா, புருஷன் தண்டபாணியிடம். அவன் படகு எஞ்சின் மெக்கானிக், எதற்கும் பதறாதவன். நீலாவே தொடர்ந்தாள்: "போட்டுல பதினஞ்சு நாளு ஒண்ணாக் கெடப்பானுங்க. பொழுது போவாம அவன் கத இவன் கேப்பான், இவன் கத அவன் கேப்பான். எங்கண்ணன் எவங்கிட்டயோ சொன்னத இவன் மனப்பாடம் பண்ணிகினு வந்துகீறான்."

"வந்து? உங்கம்மா கிட்ட இன்னா கீது, தூக்கிகினு போக?"

"அம்மாவத்தான் தூக்கிகினு போவப் போறான்!"

அதுதான் விஷயம். சனிக்கிழமை மத்தியானம் மங்களூர் வண்டியில் முத்தம்மாவைத் தன்னோடு கூட்டிப்போவதாக அவன் சொல்லியிருந்தான். ரெண்டு டிக்கெட்டும் எடுத்தாகிவிட்டது. முத்தம்மா மறுபேச்சுப் பேசாமல் புடவைகளை மடித்துப் பைக்குள் அடுக்க ஆரம்பித்துவிட்டாள். பாஷை தெரியாத ஊருக்கு, முந்தாநாள் வந்த ஒருத்தனோடு!

"வேலைக்காரி வெச்சா சம்பளம் குடுக்கணும். அம்மான்னு சொல்லி இட்டுகினு போனா சோறு போட்டா போதும். ரெண்டு புள்ளைங்களப் பாத்துக்க, வூடு பெருக்க, மீன் ஆய. யோசிச்சுப் பாரு" என்றாள் நீலா. தண்டபாணி யோசித்துப் பார்த்தான். அவனுக்கே லேசாகக் கலக்கம் வந்துவிட்டது.

ரத்த டெஸ்ட் எடுத்தால் தெரிந்துவிடுமே என்று தண்டபாணிதான் சாப்பாட்டு நேரத்தில் மெதுவாக எடுத்துவிட்டான். முத்தம்மா தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தாள். "எவ வயித்துல பொறந்தான்னு எனுக்குத் தெரியும். ஊசி குத்திதான் தெரியணுமா?" வந்தவனும் கையைக் கழுவிக்கொண்டான். "நான் எங்கம்மாவப் பாக்க வந்தேன். ரத்தம் குடுக்க வரல" என்றான். குரல் உயரவில்லை. ஆனால் அந்த மறுப்பை நீலா பிடித்துக்கொண்டாள். மடியில் கனம் இல்லாதவன் ஏன் மாட்டேன் என்கிறான்?

அன்றைக்கு ராத்திரி அவளுக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. விடிந்ததும்தான் அந்த யோசனை வந்தது. வாய் கற்றுக்கொண்டு வந்ததைச் சொல்லும். கை அப்படிச் செய்யாது. கையைச் சோதித்தால்?

இங்கே டைபூனைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அண்ணாச்சி கடை வீடியோ கேம் மெஷின் நெற்றியில் பிளாக் டைபூன் என்று இங்கிலீஷில் எழுதியிருக்கும், அந்த முழுப்பெயரை யாரும் சொன்னதில்லை. ரெண்டு பேர் நின்று சண்டை போடும் ஆட்டம். ஆட்களுக்கு என்ன பெயர் வைத்திருந்தார்களோ தெரியாது, பையன்கள் வைத்த பெயர்தான் பெயர்: மொட்டை, சடைக்காரி, கப்பல்காரன். முதல் டைபூனில் ஆளுக்கு ரெண்டே வித்தை. ரெண்டாம் டைபூன் வந்தபோது கப்பல்காரனுக்கு நங்கூரம் கொடுத்தார்கள். சங்கிலியை வீசி எதிராளியைக் கிட்டே இழுத்து அப்படியே தலைகீழாகத் தரையில் குத்துவான். அதற்காகவே பையன்கள் பைத்தியமாகத் திரிந்தார்கள். மூணாம் டைபூனில் எவனோ புண்ணியவான் அந்தச் சங்கிலியைப் பாதியாக வெட்டிவிட்டான். நடுவில் எங்கிருந்தோ மெஷினுக்குள் மாட்டுகிற டூப்ளிகேட் கேம் போர்டு ஒன்று வேறு வந்தது. அதில் அந்தரத்தில் மிதந்துகொண்டே அடிக்கலாம், நாலு ஆட்டத்துக்கு ஒருமுறை திரை உறைந்து நின்றுவிடும்.

எந்த வெர்ஷன் வந்தாலும் கப்பல்காரனின் அலை மட்டும் மாறவில்லை. ஜாய்ஸ்டிக் குச்சியைக் கீழே இழுத்து, முன்னால் உருட்டி, பட்டனை அமுக்கினால் அவன் கையிலிருந்து நீலமாக ஓர் அலை கிளம்பும். ஆனால் அண்ணாச்சி கடை மெஷினில் குச்சி கீழே பிடிக்காது என்பார்கள். மேலே தள்ளி, அதே வேகத்தில் கீழே அறைந்தால்தான் பிடிக்கும். மேலே தள்ளினால் ஆள் குதிப்பான். அதனால் அந்தக் கடையில் பழகினவன் அலை விட்டால் முதலில் ஒரு குதி, அப்புறம்தான் அலை. ராயபுரத்துப் பையன்கள் இதைப் பார்த்து "தவளைங்கடா டேய்!" என்று உருண்டு உருண்டு சிரிப்பார்கள். பழகின கையோ நல்ல குச்சி கிடைத்தாலும் கேட்காது, குதிக்கும்.

நீலாவுக்கும் அந்தப் பழக்கம் உண்டு. அண்ணன் இருக்கும்போது "பொட்டப்புள்ளைக்கு இங்க இன்னா வேல" என்று விரட்டிவிடுவான். அவன் அப்பாவோடு கடலுக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து நுழைவாள், வரிசையில் நிற்பாள், ஒரு ஆட்டம் ஆடித் தோற்றுவிட்டு வீட்டுக்கு ஓடிவிடுவாள். இன்றைக்கும் பிள்ளையின் போனில் ஏதாவது சண்டை கேம் கிடைத்தால் அவள் கட்டைவிரல் முதலில் மேலேதான் போகும்.

பெரிய அண்ணாச்சி இப்போது இல்லை. மகன் சுடலைராஜ் கடையைப் பார்த்துக்கொள்கிறார். சொந்த ஊரில் தாத்தா வீட்டில் தங்கிப் படித்தவர், லீவுக்கு மட்டும் இங்கே வந்து ஆடியவர். ஆனாலும் அப்பாவின் பழைய மெஷின் சாத்தாங்காட்டு இரும்பு மார்க்கெட்டில் பழைய சாமானாகக் கிடக்கிறது என்று கேள்விப்பட்டதும் ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டார். புதுக் குச்சி, புது போர்டு. இப்போது ஒரே போர்டில் எல்லா வெர்ஷனும் வருகிறது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தோஸ்துகளோடு கதவைச் சாத்திக்கொண்டு ஆடுவார், வீட்டில் அம்மணி திட்டத் திட்ட.

நீலா போய் விஷயத்தைச் சொன்னதும் அவருக்குக் கண் மின்னியது.

"நல்ல ரோசனை தங்கச்சி. நானே இன்னைக்கும் குதிக்கேன் பாத்துக்க. ஆயிரம் தடவ நிறுத்திப் பாத்துட்டேன், கை கேக்க மாட்டேங்கு. நம்ம கடைப் பயலுவ கை அப்படி."

"குதிக்கலைன்னா?"

"குதிக்கலைன்னா அவன் நம்ம கடைப் பய இல்ல. வேற என்ன?"

வெள்ளிக்கிழமை மாலை, அம்மாவுக்குப் பயணத்துக்கு முறுக்கு வாங்க வேண்டும் என்று பொய் சொல்லி அவனைக் கடைக்குக் கூட்டிப்போனாள். சுடலைராஜ் "அடடே, ஏழுமலையா!" என்று வாயெல்லாம் பல்லாக வரவேற்றார், நன்றாகவே நடித்தார். பின்னறைக் கதவைத் திறந்ததும் அந்த ஆள் அப்படியே நின்றுவிட்டான். மெஷினின் பக்கப்பலகையைத் தடவினான். நீலா அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். தடவுவதற்கு என்ன, யார் வேண்டுமானாலும் தடவலாம்.

"மூணாவது டைபூன்ல நங்கூரம் எவ்ளோ தூரம் போவும், ஞாபகம் கீதா?" என்று சும்மா கேட்கிற மாதிரி கேட்டாள்.

"மூணாவதா? அது நான் போனப்புறம் வந்தது. மல்பேல ஒரு கடைல பாத்தேன். சங்கிலியப் பாதியா நறுக்கிட்டானுங்க, கஸ்மாலம். ரெண்டுதான் வெளையாட்டு."

"டூப்ளிகேட்டு?"

"அந்தரத்துலயே அலை உடலாம். அது ஆட்டமா? அத்தாவுல்லா அதுலதான் ஆடணும்னு அடம் புடிப்பான்."

சுடலைராஜ் நீலாவைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். அவள் அசையவில்லை. இதெல்லாம் யூடியூபில் கொட்டிக் கிடக்கிறது. அண்ணனின் பழைய தோஸ்து அத்தாவுல்லா பெயரைச் சொல்ல, கதை கேட்ட எவனுக்கும் முடியும்.

"வா, ஒரு ஆட்டம்" என்றாள்.

அவன் சிரித்துக்கொண்டே போய் இடது பக்கம் நின்றான். நீலா வலது பக்கம் நின்றாள். சுடலைராஜ் ரெண்டாம் டைபூனைப் போட்டுவிட்டு நகர்ந்துகொண்டார். ரெண்டு பேருமே கப்பல்காரனைத்தான் எடுத்தார்கள், இவளுக்குச் சிவப்புச் சட்டை, அவனுக்கு நீலச் சட்டை. ஆட்டம் ஆரம்பித்ததும் நீலாவின் கை தன்னால் மேலே போனது. சிவப்புக் கப்பல்காரன் ஒரு குதி குதித்து இறங்கி அலை விட்டான்.

நீலச் சட்டைக்காரன் குதிக்கவில்லை. நின்ற இடத்தில் ஆணி அடித்த மாதிரி நின்றான். அலை வந்தது, இன்னொரு அலை வந்தது, அதற்குள் சங்கிலி வந்து இவள் ஆளை இழுத்துத் தரையில் குத்தியது. சுத்தமான கை. ஒரு தடவை, ஒரே ஒரு தடவையாவது கால் தரையை விட்டு எழும்ப வேண்டுமே! எழும்பவில்லை. நீலா மறுபடி அலை விட்டுப் பார்த்தாள். குதிடா, குதிடா என்று மனசு கிடந்து அடித்துக்கொண்டது. எவ்வளவு சந்தேகப்பட்டாலும் இவன் அண்ணனாக இருந்துவிட மாட்டானா என்று அவளுக்கும் ஆசை இருந்தது. அது அவளுக்கே அப்போதுதான் தெரிந்தது.

ரெண்டாவது ரவுண்டும் போனதும் அவன் அவள் பக்கம் திரும்பி, கண்ணைச் சுருக்கிச் சிரித்தான்.

"இன்னாத்துக்கு நீலா ஒவ்வொரு தபாவும் குதிக்கிற?"

நீலா குச்சியிலிருந்து கையை எடுத்துவிட்டாள். அவனுக்குத் தெரியவில்லை! இந்தக் கடையில் வளர்ந்தவன் கேட்கிற கேள்வியா இது? சுடலைராஜ் காதிலும் அது விழுந்துவிட்டது. அவர் முகத்தில் இருந்த சிரிப்பு போய், முறுக்குப் பொட்டலத்தைக் கொடுத்து அனுப்பினார்.

நீலா அவனுக்கு முன்னால் விறுவிறுவென்று நடந்தாள். வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றியதுதான் தாமதம், அம்மா முன்னால் வெடித்துவிட்டாள்.

"இவன் ஏழுமலை இல்லம்மா! எவனோ பிராடு! அண்ணாச்சி கட மெஷின்ல நின்னு பாத்துட்டேன், குதிக்கவே இல்ல. இன்னாத்துக்குக் குதிக்கிறன்னு என்னியே கேக்குறான்! எங்கண்ணன் கதையெல்லாம் கேட்டுகினு வந்து உன்ன ஏமாத்திகினு கீறான்!"

அக்கம்பக்கத்து ஜனம் கூடிவிட்டது. ஒருத்தி போலீசுக்குப் போன் போடு என்றாள். தண்டபாணி வந்து நடுவில் நின்றுகொண்டான். முத்தம்மா மட்டும் இருந்த இடத்தை விட்டு எழவில்லை. "நீலா, வாய மூடு" என்றாள். ஒரு தடவைதான் சொன்னாள்.

அவன் எல்லாரையும் பார்க்கவில்லை, நீலாவை மட்டும் பார்த்தான். கோபம் வரும், கத்துவான், சட்டையைப் பிடிப்பான் என்று அவள் எதிர்பார்த்தாள். அவன் முகத்தில் இருந்ததோ ஆச்சரியம். அப்புறம் அதுவும் வடிந்துவிட்டது.

"குதிக்கலன்னா நான் ஏழுமலை இல்லியா?" என்றான். "சரி."

பையை எடுத்துத் தோளில் போட்டான். முத்தம்மாவின் காலைத் தொட்டுவிட்டுப் போய்விட்டான். ஒரு வார்த்தை விளக்கம் சொல்லவில்லை. உண்மையானவன் என்றால் வாதாடியிருப்பான், இவன் சொல்ல ஒன்றுமில்லாமல் ஓடுகிறான் என்றுதான் நீலா நினைத்தாள். ஊரும் அப்படித்தான் நினைத்தது. ரெண்டு பேர் அவளை மெச்சிக்கூடச் சொன்னார்கள். முத்தம்மா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள், அப்புறம் பச்சைத் தண்ணி பல்லில் படவில்லை.

சனிக்கிழமை காலை நீலா வழக்கம்போல மார்க்கெட்டில் கூடையை இறக்கினாள். ஆனால் மனசு வியாபாரத்தில் இல்லை. அப்போதுதான் அத்தாவுல்லா வந்து சேர்ந்தார். சாத்தாங்காட்டில் இரும்புத் தகடு வியாபாரம் செய்கிறவர், ஏழுமலைக்குச் சின்ன வயசுத் தோஸ்து. டிவிஎஸ்ஸை அப்படியே ரோட்டில் நிறுத்திவிட்டு ஓடிவந்தார்.

"நீலாம்மா! ஏழுமல வந்துகீறானாமே? எங்க அந்தக் கேடி? எனுக்கு ஒரு தாக்கல் சொல்லக் கூடாதா?"

"அது அவன் இல்ல பாய். டுபாக்கூரு. தொரத்தி உட்டாச்சு."

நடந்ததைச் சொன்னாள். மெஷின், வெர்ஷன், அலை, குதி, ஒன்று விடாமல் சொன்னாள். கொஞ்சம் பெருமையாகக்கூடச் சொன்னாள். அத்தாவுல்லா பாதியிலேயே சிரிக்க ஆரம்பித்தார். அப்புறம் சிரிப்பு நின்றுவிட்டது.

"இன்னாமா பண்ணி வெச்சிகீற? ஏழுமல எப்பிடி குதிப்பான்?"

"கடையில எல்லாரும்தான குதிச்சீங்க?"

"வலது பக்கத்துக் குச்சிதாம்மா நாஸ்தி. இடது பக்கம் சோக்கா இருக்கும். ஜெயிச்சவன் இடது பக்கம் நிப்பான், நவுர மாட்டான். தோத்தவன் காசு போட்டுகினு வலது பக்கம் வரணும். அதான் கடை ரூலு. ஏழுமல தோத்தாத்தான வலது பக்கம் வருவான்? மெஷின் வந்த ரெண்டு வருசமும் அவன் அந்தப் பக்கமே வரலமா, கடலுக்குப் போயிட்டு வந்தாலும் இடது பக்கத்த அவனுக்கே உட்டுருவோம். குதிச்சதெல்லாம் நாங்க. நான் குதிச்சேன், சுடலைராஜ் குதிச்சான், நீ குதிச்ச. அவன் இடது பக்கம் நின்னுகினு, 'இன்னாத்துக்குடா குதிக்கிறீங்க'ன்னு எங்கள ஓட்டுவான்!"

நீலா கையில் இருந்த கத்தியைக் கூடைக்குள் போட்டாள். நேற்று அவன் கேட்ட அதே கேள்வி, அதே கண்ணைச் சுருக்கின சிரிப்பு. அய்யோ, என்ன காரியம் செய்துவிட்டோம்! போனை எடுத்து அவன் நம்பருக்கு அடித்தாள். சுவிட்ச் ஆஃப். மீனை அப்படியே போட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினாள்.

முத்தம்மா குளித்து, நல்ல புடவை கட்டி, பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"அம்மா, அது அண்ணன்தாம்மா... நான்தான்..."

"தெரியும்" என்றாள் முத்தம்மா. "வழி தெரியாது. அதுக்குத்தான் உனுக்காக ஒக்காந்துகினு கீறேன். எழுந்திரு, வண்டிக்கு நேரமாச்சு."

தேரடியில் மெட்ரோ பிடித்தார்கள். சென்ட்ரல் வரைக்கும் முத்தம்மா மடியில் இருந்த பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாள். நீலா பக்கத்தில் உட்கார்ந்து விம்மி விம்மி அழுதாள். எதிரே இருந்த காலேஜ் பெண்கள் போனிலிருந்து தலையைத் தூக்கிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். கூட்டம், படிக்கட்டு, மறுபடி கூட்டம். அம்மாவின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு பிளாட்பாரத்தில் பெட்டி பெட்டியாக ஜன்னலை எட்டிப் பார்த்துக்கொண்டே ஓடினாள்.

நடுப்பெட்டி ஒன்றில் ஜன்னலோரம் இருந்தான். பக்கத்து இடத்தில் யாரையும் உட்கார விடாமல் பையை வைத்திருந்தான்.

"அண்ணா!" என்றாள் நீலா. வந்த நாளிலிருந்து ஒரு தடவைகூட அந்த வார்த்தையை அவள் சொல்லியிருக்கவில்லை.

அவன் திரும்பினான். முதலில் அம்மாவைத்தான் பார்த்தான், எழுந்துவிட்டான். அப்புறம் இவளை.

"அத்தா பாய் சொன்னாருண்ணா. இடது பக்கம் குச்சி நல்ல குச்சியாம். நீ தோத்ததே இல்லியாம். எனுக்குத் தெரியாதுண்ணா. சத்தியமாத் தெரியாது. மன்னிச்சிரு. வூட்டுக்கு வாண்ணா."

"அத்தாவுல்லா சொன்னதும்தான் நான் ஏழுமலையா?"

நீலா முந்தானையால் முகத்தைத் துடைத்தாள்.

"நீ சந்தேகப்பட்டது தப்பில்ல" என்றான் அவன், ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு. "எவன் வந்து நின்னாலும் நானும் சந்தேகப்படுவேன். ஆனா ஒண்ணு கேக்குறேன். படிப்பு வரல, அப்பா கூட ஒழுங்கா வல இழுக்கத் தெரியல, எல்லாத்துக்கும் ஒதவாக்கரன்னு பேரு. அந்த ஊர்ல எங்கிட்ட நல்லதா இருந்தது அந்த ஆட்டம் ஒண்ணுதான். ராயபுரத்துலேர்ந்து, காசிமேட்லேர்ந்து என்ன அடிக்கணும்னு பசங்க பஸ் ஏறி வருவானுங்க. நான் ஜெயிச்சது உனுக்கு ஞாபகமே இல்லியா நீலா?"

நீலா யோசித்தாள். நிஜமாகவே, பிளாட்பாரத்து இரைச்சலுக்கு நடுவே நின்று, மூளையைக் கசக்கி யோசித்தாள். தெருவில் அவனைத் தூக்கிக்கொண்டு யாராவது ஆடினார்களா, யாராவது அவன் பெயரைச் சொல்லிக் கத்தினார்களா? ஒன்றும் வரவில்லை. பெல்ட் சத்தமும், புழுதியில் சுருண்டு கிடந்த ஒல்லி முதுகும்தான் வந்தது. இப்போது ஒரு பொய் சொல்லியிருக்கலாம். அவளால் முடியவில்லை.

"நீ அடி வாங்கினதுதாண்ணா ஞாபகம் கீது" என்றாள்.

அவன் மெதுவாகத் தலையை ஆட்டினான். அழவில்லை. அழுதிருந்தால் அவளுக்குக் கொஞ்சம் தேவலையாக இருந்திருக்கும்.

இதற்குள் முத்தம்மா படியேறி உள்ளே வந்துவிட்டாள். காலி இடத்தில் இருந்த பையை எடுத்துக் கீழே தள்ளிவிட்டு உட்கார்ந்தாள். மகன் தோளில் கை வைத்து, "சாப்டியா?" என்றாள். அவன் இல்லையென்று சொன்னதும் தூக்குவாளியைத் திறக்க ஆரம்பித்துவிட்டாள். நீலா ஜன்னலுக்கு வெளியே நின்றாள். அவளை யாரும் ஏறச் சொல்லவில்லை, போகவும் சொல்லவில்லை.

விசில் ஊதியது.

"அண்ணா, அம்மாவ எப்போ இட்டுகினு வருவ?"

வண்டி அசைந்தது. நீலா கூடவே நடந்தாள். அவன் தலையை ஜன்னல் பக்கம் சாய்த்துச் சொன்னான்.

"பொங்கலுக்கு வரேன் நீலா. ஆனா இந்த தபா வாசல்ல நின்னுகினு நான் யாருன்னு சொல்ல மாட்டேன். நீதான் சொல்லணும்."